புற்றுநோயாளியின் அருகே நிற்கக் கற்றுக்கொடுப்போம்

(உலகத் தாதியர் நாளையொட்டி ஈப்போவில் ஆற்றிய சொற்பொழிவின் எழுத்து வடிவம்)



தாதியர் விழா என்றால் சேவை, தியாகம், தாய்மை என்று மூன்றையும் போற்றி, ஒரு மாலையும் போட்டு அனுப்பிவைப்பது வழக்கம். அந்தப் போற்றுதலுக்கு நன்றி. ஆனால் பயிற்சிக் கல்லூரியில் பாடம் நடத்திய காலம் முழுவதும் எனக்கு உறுத்திக்கொண்டிருந்த ஒரு செய்தியை இன்று உங்கள் முன் வைக்க விரும்புகிறேன். ஒரு தாதி புற்றுநோயாளியிடம் எப்படி நடந்துகொள்கிறாள் என்பதைத் தீர்மானிப்பது அவளுடைய பிறவிக் குணம் என்று நாம் நினைத்துக்கொண்டிருக்கிறோம். நான் கண்டவரையில், நாம் அவளுக்கு எதைக் கற்றுக்கொடுத்தோம், எதைக் கற்றுக்கொடுக்காமல் விட்டோம் என்பதுதான் அதைத் தீர்மானிக்கிறது.

ஆஸ்பத்திரியிலிருந்து வீடு திரும்பியவர்கள் பேசிக்கொள்வதைக் கேட்டிருப்பீர்கள். "அந்த மிஸ்ஸி தங்கமானவங்க" என்பார்கள். "இந்த மிஸ்ஸிக்கு ஈவிரக்கமே இல்ல" என்பார்கள். நான் மாணவிகளோடு வார்டில் நின்று பார்த்தது இது: தங்கமான அதே மிஸ்ஸிதான் ஈவிரக்கம் இல்லாதவளாகவும் தெரிகிறாள். குடல்வால் அறுவை முடிந்த பையனிடம் நின்று சிரித்துப் பேசுகிறாள். அடுத்த கட்டிலில் கல்லீரல்வரை புற்று பரவிய அம்மா படுத்திருக்கிறார். அங்கே வந்ததும் அவள் கால் வேகமெடுக்கிறது. டிரிப் ஓடுகிறதா பார்க்கிறாள், பிரஷர் எடுக்கிறாள், தாளில் எழுதுகிறாள். அந்த அம்மா, "நான் எப்பம்மா வீட்டுக்குப் போவேன்?" என்று கேட்கிறார். "டாக்டர் வருவாரு, அவர்கிட்ட கேளுங்க" என்று சொல்லிக்கொண்டே திரைச்சீலையை இழுத்துவிட்டுப் போய்விடுகிறாள்.

அவளைக் குறைசொல்ல எனக்கு மனம் வருவதில்லை. நரம்பில் ஊசி ஏற்ற அவளுக்குப் பலமுறை பயிற்சி கொடுத்தோம். பொம்மைக் கையில் குத்தவைத்து, திருத்தி, மதிப்பெண் போட்டோம். "நான் எப்பம்மா வீட்டுக்குப் போவேன்?" என்ற கேள்விக்கு எப்படி நிற்பது, எங்கே உட்காருவது, முதல் வார்த்தையாக எதைச் சொல்வது என்று ஒரு தடவைகூடப் பழக்கவில்லை. பழகாத வேலையிலிருந்து மனிதர்கள் ஒதுங்கிப்போவது இயற்கை.

இதை ஆராய்ந்து எழுதியவர் ஒரு தாதி, அமெரிக்காவின் ஜீன் குவின்ட். 1960-களில் சான் பிரான்சிஸ்கோ பகுதி ஆஸ்பத்திரிகளில் கிளேசர், ஸ்ட்ராஸ் என்ற இரு சமூகவியலாளர்கள் சாகும் நோயாளிகளைப் பற்றி நடத்திய ஆய்வில் அவரும் சேர்ந்து உழைத்தார். பிறகு தாதியர் பள்ளிகளையே ஆராய்ந்து 1967-இல் தனி நூல் எழுதினார். உயிரைக் காப்பாற்றும் நுட்பங்களுக்கே பள்ளிகள் முக்கியத்துவம் தந்தன. சாகப்போகும் நோயாளியோடு எப்படிப் பேசுவது என்பதைத் திட்டமிட்டுக் கற்பிக்கவில்லை. மூத்தவர்கள் விலகிப்போவதைப் பார்த்து மாணவிகளும் விலகக் கற்றுக்கொண்டார்கள். பாடத்திட்டத்தில் எழுதாத பாடத்தை வார்டு நடத்திவிட்டது. அதற்குச் சில ஆண்டுகள் முன்பே, 1960-இல், லண்டன் ஆஸ்பத்திரி ஒன்றைப் பற்றி எழுதிய இசபெல் மென்சீஸ், நோயாளியைப் பெயர் சொல்லாமல் படுக்கை எண்ணாலும் உறுப்பாலும் குறிப்பிடும் பழக்கத்தைச் சுட்டிக்காட்டினார். அச்சத்தைத் தாங்க முடியாத அமைப்பு தனக்குக் கட்டிக்கொண்ட வேலி அது என்றார். அரை நூற்றாண்டுக்கு முன் வேறு நாடுகளில் எழுதியவை இவை. நம் வார்டுகளிலும் "பெட் பன்னிரண்டு" என்ற பேச்சு காதில் விழத்தான் செய்கிறது.

இப்போது நம் மலேசிய நாட்டுக் கணக்கைச் சொல்கிறேன். தேசியப் புற்றுநோய்ப் பதிவேடு 2012 முதல் 2016 வரை 1,15,238 புதிய நோயாளிகளைப் பதிவு செய்தது. அவர்களில் 60 விழுக்காட்டுக்கும் மேற்பட்டோர் மூன்றாம், நான்காம் நிலையில் வந்து சேர்ந்தவர்கள். மார்பகப் புற்றுநோய்க்குப் பிறகு ஐந்தாண்டு உயிரோடிருப்போர் எத்தனை பேர் என்று சுகாதார அமைச்சு 2018-இல் வெளியிட்டது. முதல் நிலையில் கண்டுபிடிக்கப்பட்டவர்களில் 87.5 விழுக்காடு, நான்காம் நிலையில் வந்தவர்களில் 23.3 விழுக்காடு. நோய் ஒன்றுதான், நாடும் ஒன்றுதான். எப்போது வந்தார்கள் என்பதே உயிரின் விலையைத் தீர்மானித்தது.

இந்த எண்களில் தாதிக்கு இரண்டு வேலைகள் இருக்கின்றன. சீக்கிரம் வரவழைப்பது ஒன்று. தாமதமாக வந்துவிட்டவரைக் கைவிடாமல் பார்ப்பது மற்றொன்று. "புற்றுநோய் வந்தால் முடிந்தது" என்று நம்புகிற தாதியால் இரண்டும் முடியாது. அவள் மார்பைச் சோதிக்கச் சொல்லும்போதே குரலில் பயம் தெரிந்துவிடும். கேட்கும் பெண் அதை உடனே பிடித்துக்கொள்வாள். தாதியின் நம்பிக்கையும் அச்சமும் அவளோடு மட்டும் தங்கிவிடுவதில்லை. அவள் கைபடும் ஒவ்வொருவருக்கும் அது போய்ச் சேருகிறது.

நம் பேராக் மாநிலத்துக்கு வருவோம். கோலா கங்சாரில் 1877-இல் நட்ட ரப்பர் கன்றுகளில் ஒன்று மரமாக இன்னும் நிற்கிறது. வேலி கட்டிப் பெயர்ப்பலகை வைத்துக் காக்கிறார்கள், காக்க வேண்டியதுதான். அந்த மரத்தைப் போன்ற பால்மரங்களைச் சீவியவர்களின் உடம்பை யார் பார்த்துக்கொண்டார்கள் என்று எண்ணிப் பார்க்கிறேன். சுங்கை சிப்புட், செம்மோர், பாகான் செராய், தெலுக் இந்தான் பக்கத்துத் தோட்டங்களில் வளர்ந்தவர்களுக்குப் பதில் தெரியும். தோட்டத்து மருத்துவ உதவியாளரான டிரசர்தான் பார்த்தார். காலை ஆள் கணக்கெடுப்பான பெரட்டுக்கு வராதவன் உண்மையாகவே காய்ச்சலில் கிடக்கிறானா என்று தோட்ட நிர்வாகியான தொரைக்குச் சொல்ல வேண்டியவரும் அவரே. புண்ணுக்கு மருந்து வைத்துக் கட்டியவரும், மலேரியாவுக்கு மாத்திரை கொடுத்தவரும் அவரே. நான் டிரசர்களை மதிக்கிறேன். நடு இரவில் சைக்கிள் மிதித்து லயத்து வீடுகளுக்கு வந்த மனிதர்கள் அவர்கள். ஆனால் அவர்களுக்குக் கிடைத்த பயிற்சி காய்ச்சலுக்கும் காயத்துக்கும் பேதிக்குமானது. வலியில்லாமல் மெதுவாக வளரும் கட்டிக்கு அதில் பெரிய இடமில்லை. வலித்தால் டிரசரிடம் போவது, வலிக்காவிட்டால் வேலைக்குப் போவது என்று ஒரு தலைமுறையே பழகிவிட்டது. மார்புக் கட்டி தொடக்கத்தில் பெரும்பாலும் வலிப்பதில்லை. அங்கேதான் நம் தாய்மார் ஏமாந்தார்கள்.

பிறகு ரப்பர் போய்ச் செம்பனை வந்தது. செம்பனையும் போன இடத்தில் குடியிருப்புத் தாமான்கள் எழுந்தன. லயம் கலைந்தபோது டிரசரின் அறையும், ஆயாக்கொட்டகையும், கோயிலடிப் பேச்சும் சேர்ந்தே கலைந்தன. குடும்பங்கள் அடுக்குமாடி வீடுகளுக்கும் புறம்போக்கு நிலங்களுக்கும் சிதறின. இன்று அந்தப் பாட்டிமார்களின் உடம்பைத் தொட்டுப் பார்க்கும் முதல் கை அரசாங்கச் சுகாதாரக் கிளினிக்கில் இருக்கும் தாதியின் கைதான். ஈப்போ ராஜா பெர்மைசூரி பைனுன் ஆஸ்பத்திரியின் நிபுணர் அந்தப் பாட்டியைப் பார்ப்பதற்கு முன், கிளினிக் தாதி பல தடவை பார்த்திருப்பாள். சர்க்கரைக்கும் பிரஷருக்கும் மருந்து வாங்கத்தான் மாதாமாதம் வருகிறார்களே. அந்தச் சந்திப்புகளில் வாயைத் திறக்கச் சொல்லிப் பார்த்தாளா? மார்பைப் பற்றிக் கேட்டாளா?

வாயைப் பற்றி ஏன் சொல்கிறேன் என்றால், வெற்றிலை. தோட்டத்தில் பால் வெட்டு முடிந்து வந்து உட்கார்ந்ததும் இடுப்பில் செருகிய சுருக்குப் பையை அவிழ்ப்பார்கள். வெற்றிலை, பாக்கு, சுண்ணாம்பு, ஒரு கிள்ளு புகையிலை. பசியையும் அலுப்பையும் மறக்கடித்த துணை அது. அதை இழிவாகப் பேச நான் வரவில்லை. ஆனால் உலகச் சுகாதார நிறுவனத்தின் புற்றுநோய் ஆய்வு முகமை 2004-இல் வெளியிட்ட தொகுப்பில் தெளிவாகச் சொல்லிவிட்டது: புகையிலை சேராவிட்டாலும் பாக்கு மனிதருக்குப் புற்றுநோயை உண்டாக்கும். மலேசியாவில் வாய்ப் புற்றுநோய் இந்தியர்களிடமே அதிகம் என்பதைப் பதிவேடுகள் திரும்பத் திரும்பக் காட்டியிருக்கின்றன. நம் பெண்களும் அதில் அடக்கம்.

வாயைச் சோதிப்பதற்கு என்ன வேண்டும்? ஒரு டார்ச் லைட், நாக்கை அழுத்தும் மரக்கட்டை, கையுறை, ஒரு துண்டு காஸ் துணி. பல் செட் இருந்தால் கழற்றச் சொல்ல வேண்டும். இரண்டு கன்னத்தின் உட்பக்கமும், வெற்றிலையை அடக்கி வைக்கும் கீழ்ப் பள்ளமும் முதலில். பிறகு நாக்கைத் துணியால் பிடித்து ஓரங்களைத் திருப்பிப் பார்க்க வேண்டும். அப்புறம் நாக்கின் அடி. தேய்த்தாலும் போகாத வெள்ளைத் திட்டு, சிவந்த திட்டு, இரண்டு வாரமாகியும் ஆறாத புண், வாய் முன்போல் அகலமாகத் திறக்காத இறுக்கம் ஆகியவை தெரிந்தால் உடனே பல் மருத்துவருக்கு எழுதி அனுப்ப வேண்டும். சில நிமிட வேலை. இதைப் பள்ளிப்படிப்பு முடித்த பெண்ணுக்கு ஒரு நாளில் சொல்லிக்கொடுக்கலாம், சில வாரங்களில் பழக்கிவிடலாம்.

பழக்கினால் பலன் இருக்குமா என்று கேட்பவர்களுக்குத் தமிழ்நாட்டிலேயே சான்று இருக்கிறது. திண்டுக்கல் மாவட்டத்தில், அம்பிளிக்கையில் உள்ள ஒரு கிராமத்து மருத்துவமனையை நடுவாக வைத்து, 2000-ஆம் ஆண்டில் ஓர் ஆய்வு தொடங்கியது. தலைமை தாங்கியவர் டாக்டர் ஆர். சங்கரநாராயணன். கருப்பைவாய்ப் புற்றுநோய்க்கான சோதனை அது. விலை உயர்ந்த கருவி ஒன்றும் இல்லை. வினிகரில் இருக்கிறதே, அந்த அசெட்டிக் அமிலத்தை நீர்த்த நிலையில் கருப்பைவாயில் தடவி, ஒரு நிமிடம் பொறுத்து, வெள்ளையாக மாறும் இடம் இருக்கிறதா என்று கண்ணால் பார்ப்பது. பார்த்தவர்கள் பயிற்சி பெற்ற தாதியர். 30 முதல் 59 வயது வரையுள்ள 30,000-க்கும் மேற்பட்ட கிராமத்துப் பெண்களைச் சோதித்தார்கள். 2007-இல் லான்செட் மருத்துவ இதழில் முடிவு வெளியானது: சோதனை நடந்த ஊர்களில் கருப்பைவாய்ப் புற்றுநோய் 25 விழுக்காடும், அதனால் வரும் சாவு 35 விழுக்காடும் குறைந்திருந்தன. பக்கத்து மாநிலமான கேரளத்தின் திருவனந்தபுரத்தில் அதே மருத்துவரின் முன்னெடுப்பில் பயிற்சி பெற்ற சுகாதாரப் பணியாளர்கள் வீடு வீடாகப் போய் வாயைச் சோதித்தார்கள். புகையிலை, மது பழக்கம் உள்ளவர்களிடையே வாய்ப் புற்றுநோய்ச் சாவு ஏறத்தாழ மூன்றில் ஒரு பங்கு குறைந்தது என்று 2005-இல் அறிவித்தார்கள்.

இந்த எண்களை நான் வேறொரு காரணத்துக்காகவும் மாணவர்களிடம் சொல்வேன். தான் பார்த்த பார்வையால் ஒரு பெண் பிழைத்தாள் என்று நேரில் கண்ட தாதியின் மனம் மாறிவிடுகிறது. புற்றுநோயை அவள் அதற்குப் பிறகு எமனாகப் பார்ப்பதில்லை. நேரத்தோடு பிடித்தால் மடக்கக்கூடிய நோயாகப் பார்க்கிறாள். திறமை வந்த இடத்தில் துணிச்சலும் வருகிறது. "தைரியமாக இரு" என்ற உபதேசத்தால் அந்தத் துணிச்சல் வந்ததை நான் பார்த்ததில்லை.

இங்கேயும் நல்லது நடக்காமல் இல்லை. 13 வயது மாணவிகளுக்குக் கருப்பைவாய்ப் புற்றுநோயைத் தடுக்கும் எச்.பி.வி. தடுப்பூசியை அரசாங்கம் 2010-இலிருந்து பள்ளிகளில் இலவசமாகப் போட்டு வருகிறது. போடுபவர்கள் தாதியர். அந்த ஊசியோடு இரண்டு வார்த்தை விளக்கமும், "அம்மாவைக் கிளினிக்குக்கு வரச் சொல்லு கண்ணு" என்ற ஓர் அழைப்பும் போனால், ஒரே வீட்டில் இரண்டு தலைமுறைக்குப் பாதுகாப்பு.

இனித் தாமதமாக வந்தவர்களைப் பற்றிப் பேச வேண்டும். பேராக்கில் பணியாற்றும் எந்த மூத்த தாதியைக் கேட்டாலும் இந்தக் காட்சியைச் சொல்வார். துண்டைப் போர்த்திக்கொண்டு ஓர் அம்மா வருகிறார். மகளுக்குக்கூடச் சொல்லவில்லை. துண்டை விலக்கினால் மார்பில் உடைந்து புழுத்த புண். மஞ்சள் பூசி, பச்சிலை வைத்து, மாதக்கணக்கில் மறைத்து வைத்திருக்கிறார். அறை முழுக்க வாடை. பயிற்சியில்லாத தாதியின் முகம் சுளித்துவிடும். அடக்கினாலும் கண் காட்டிக்கொடுத்துவிடும். அந்த அம்மா பார்ப்பது அந்த முகத்தைத்தான். அடுத்த தடவை வரமாட்டார்.

அந்த வாடைக்கு மருந்து இருக்கிறது. காற்றில்லாத இடத்தில் வாழும் கிருமிகள் அழுகிய திசுவில் பெருகுவதால்தான் அந்த வாடை. பழைய கட்டு ஒட்டிக்கொண்டிருந்தால் பிய்க்கக் கூடாது. உப்புநீரில் ஊறவைத்து மெல்ல எடுக்க வேண்டும், இல்லாவிட்டால் இரத்தம் கசியும். கழுவிய பின் மெட்ரோனிடசோல் மாத்திரையைப் பொடித்துத் தூவியோ, களிம்பாகத் தடவியோ, ஒட்டாத துணி வைத்து மூட வேண்டும். சில நாட்களில் வாடை அடங்கத் தொடங்கும். கட்டு மாற்றுவதற்கு அரைமணி நேரம் முன்பே வலிக்கு மருந்து கொடுத்துவிட வேண்டும். இது தெரிந்த தாதியின் முகம் சுளிக்காது. அவள் மனம் முழுவதும் செய்ய வேண்டிய வேலையில் இருக்கும். பக்கத்தில் உட்கார்ந்து, "எவ்வளவு நாளா இப்படி இருக்கும்மா? ரொம்பக் கஷ்டப்பட்டிருப்பீங்களே" என்று கேட்க அவளுக்கு மனமும் நேரமும் கிடைத்துவிடும். எனக்குத் தெரிந்தவரையில், இரக்கத்துக்கு இதைவிட நல்ல பயிற்சி கிடையாது.

அடுத்தது மார்பின் என்னும் வலிமருந்து. குடும்பத்தார் பயப்படுகிறார்கள் என்றால் புரிந்துகொள்ளலாம். தாதியே பயந்தால் நோயாளி கதறிக்கொண்டு கிடக்க வேண்டியதுதான். அடிமையாகிவிடுவார், மூச்சு நின்றுவிடும், கடைசி நேரத்துக்கு வைத்துக்கொள்வோம் என்றெல்லாம் சொல்லி, எழுதிக் கொடுத்த மருந்தையே தள்ளிப்போடும் பழக்கம் பல நாடுகளில் இருந்திருக்கிறது. லண்டனில் 1967-இல் இறுதிக்கால நோயாளிகளுக்கான செயின்ட் கிறிஸ்டோபர் இல்லத்தைத் திறந்த சிசிலி சாண்டர்ஸ் அம்மையார் முதலில் தாதியாகப் பயிற்சி பெற்றவர். பிறகு சமூகநல ஊழியர். அதன் பிறகே மருத்துவர். வலி வந்த பிறகு கொடுக்காமல், வலி திரும்புவதற்கு முன்பே மணிக்கணக்கு வைத்து வாய்வழியாகக் கொடுத்தால் நோயாளி தெளிவோடு இருப்பார் என்று அவர் நடைமுறையில் காட்டினார். உடம்பின் வலியோடு மனத்தின், குடும்பத்தின், ஆன்மாவின் வலியும் சேர்ந்தே இருக்கிறது என்று சொன்னவரும் அவரே. உலகச் சுகாதார நிறுவனம் 1986-இல் படிப்படியாக வலிமருந்து கொடுக்கும் முறையை வெளியிட்டது. மார்பின் சிரப் நான்கு மணி நேரத்துக்கு ஒருமுறை, கூடவே மலச்சிக்கலுக்கு மருந்து. இந்த இரண்டையும் சேர்த்தே சொல்லிக்கொடுக்க வேண்டும். மலச்சிக்கலைக் கவனிக்காமல் விட்டதால் மருந்தை நிறுத்திவிட்டு வலியைத் தேர்ந்தெடுத்தவர்கள் உண்டு.

நம் அரசு ஆஸ்பத்திரிகளில் 2008 முதல் வலியை ஐந்தாவது உயிர்க்குறியாக எடுத்து எழுதுகிறார்கள். காய்ச்சல், நாடி, மூச்சு, பிரஷர், அதற்கு அடுத்து வலி. நல்ல திட்டம். ஆனால் ஓர் அளவுகோலை நீட்டி, "பூஜ்யத்துலருந்து பத்துக்குள்ள எத்தன?" என்று கேட்டால் தோட்டத்தில் வளர்ந்த அம்மா என்ன சொல்வார்? "பரவால்லம்மா" என்பார். மூன்று என்று எழுதிவிட்டுப் போகலாம். அதே அம்மாவிடம் தமிழில் உட்கார்ந்து கேட்டால், எரியுது, சுரீர்னு இழுக்குது என்பார். அது நரம்பு வலி; மார்பின் மட்டும் போதாது, வேறு மருந்தும் சேர்க்க வேண்டும். எலும்புக்குள்ள குடையுது, திரும்பிப் படுக்க முடியல என்றால் புற்று எலும்புக்குப் போயிருக்கலாம், கதிர்வீச்சு உதவும். மருத்துவருக்குத் தேவையான செய்தி அந்தப் பேச்சில் இருக்கிறது. நோயாளியின் மொழி தெரிந்த தாதி வார்டில் இருப்பதை நான் சிகிச்சையின் பகுதியாகவே கருதுகிறேன். மலாய், சீன மாணவிகளும் வலியைப் பற்றிய இருபது முப்பது தமிழ்ச் சொற்களைப் படித்துக்கொள்ளலாம். சொல்லிக்கொடுத்தால் ஆசையோடு படிக்கிறார்கள், நான் பார்த்திருக்கிறேன். நம் பிள்ளைகளும் பதிலுக்கு அவர்களின் மொழியில் வலியைக் கேட்கப் பழக வேண்டும்.

இப்போது குடும்பத்தைப் பற்றி. இதில் நான் கொஞ்சம் நேரம் எடுத்துக்கொள்கிறேன், பொறுத்தருள வேண்டும்.

வார்டுக்கு வெளியே நடைபாதையில் மகன் தாதியை நிறுத்துகிறான். "மிஸ்ஸி, அம்மாகிட்ட மட்டும் சொல்லிடாதீங்க. அல்சர்னு சொல்லியிருக்கோம். தெரிஞ்சா தாங்க மாட்டாங்க." அன்று இரவே அம்மா அதே தாதியின் கையைப் பிடித்துக்கொள்கிறார். "எனக்கு என்னன்னு எனக்குத் தெரியும்மா. எம்மவன்கிட்ட சொல்லிடாத. பாவம், தாங்க மாட்டான்." ஒருவர்மேல் ஒருவருக்குள்ள பாசமே இருவரையும் தனித்தனியாக அடைத்து வைத்திருக்கிறது. கிளேசரும் ஸ்ட்ராஸும் 1965-இலேயே இதை விவரித்திருக்கிறார்கள்: எல்லோருக்கும் தெரியும், எல்லோரும் தெரியாததுபோல் நடிப்பார்கள். அமெரிக்க ஆஸ்பத்திரியில் கண்டதை எழுதினார்கள்; படித்தபோது எனக்கு நம் ஈப்போ புந்தோங் வீடுகள்தான் கண்முன் வந்தன.

இதற்கு நடுவில் பயிற்சியில்லாத தாதி என்ன செய்வாள்? இருவருக்கும் தலையாட்டிவிட்டுத் தப்பித்துப் போவாள். பயிற்சி பெற்றவள் பொய்யும் சொல்லமாட்டாள், உண்மையைத் தலையில் போட்டு உடைக்கவும் மாட்டாள். அம்மாவிடம் முதலில் கேட்பாள்: "உங்க உடம்பப் பத்தி நீங்க என்ன நினைக்கிறீங்க?" அடுத்தது: "எல்லாத்தையும் தெரிஞ்சுக்க விரும்புறீங்களா, இல்ல மகன்கிட்ட மட்டும் பேசட்டுமா?" சிலர் பேசச் சொல்வார்கள், சிலர் மகனிடமே பேசு என்பார்கள், இரண்டையும் மதிக்க வேண்டும். மகனிடம் போய், "அம்மாவுக்கு ஓரளவு தெரியும்னு தோணுது, நாளைக்கு டாக்டர் இருக்கும்போது ஒண்ணா உக்காந்து பேசுவோமா?" என்பாள். அப்படி உட்கார்ந்த குடும்பங்களில் என்ன நடக்கும் என்று நான் அறிவேன். அழுகை வரும். பிறகு பேச்சு வரும். ஈ.பி.எஃப். சேமநிதிப் பணத்துக்கு யார் பெயர் கொடுத்திருக்கிறது, சண்டை போட்டுப் பிரிந்த தம்பியை யார் போய்க் கூட்டி வருவது, பேத்தி கல்யாணத்துக்கு எடுத்துவைத்த நகை எங்கே என்று பேசுவார்கள். நடித்துக்கொண்டே அம்மாவை அனுப்பிவைத்த வீடுகளில் இந்தப் பேச்செல்லாம் பேசாமலே போய்விடுகிறது. பிள்ளைகள் பல வருடம் அதைச் சுமக்கிறார்கள்.

இந்த உரையாடலைக் கற்றுக்கொடுக்க முடியுமா? முடியும். ஆனால் விரிவுரையால் மட்டும் முடியாது. 1991-இல் அமெரிக்கத் தாதி கேத்தரின் ஃபிராமெல்ட், சாகும் நோயாளியைப் பராமரிப்பது பற்றித் தாதியரின் மனப்பான்மையை அளக்க 30 கூற்றுகள் கொண்ட ஓர் அளவுகோலை வெளியிட்டார். பயிற்சிக்கு முன்னும் பின்னும் அளந்தபோது மனப்பான்மை நல்ல பக்கமாக நகர்ந்திருந்தது. பல நாடுகளில் அதே அளவுகோலைப் பயன்படுத்துகிறார்கள். இங்கிலாந்தில் ஜெசிக்கா கார்னர் புதிதாகப் பதிவு பெற்ற தாதியரை ஆராய்ந்தபோது, அவர்களுடைய எண்ணங்கள் சொந்த வாழ்விலும் வார்டிலும் கண்ட புற்றுநோயாளிகளிடமிருந்து உருவானவை என்பதைக் கண்டார். இந்த இரண்டு ஆய்வுகளையும் சேர்த்துப் படிக்க வேண்டும் என்பது என் கருத்து. மாணவி கல்லூரிக்குள் நுழையும்போதே ஒரு மனத்தோடு வருகிறாள். பாட்டி வாய்ப்புற்றில் இறந்ததைச் சிறு வயதில் பார்த்த பெண் அவள். கொல்லையில் தனி அறை, தனித் தட்டு, கிசுகிசுப் பேச்சு. அந்த நினைவைப் பேசவிடாமல் மேலே உயிரணுப் பிளவுப் பாடத்தை அடுக்கினால் பாடம் தேர்வுத்தாளோடு போய்விடும். நினைவு வார்டுக்கு வரும். ஆகவே முதலில் அவளைப் பேசவிட வேண்டும். பிறகு நல்ல மூத்த தாதி ஒருவரோடு படுக்கையருகே நிற்கவைக்க வேண்டும். பிறகு நோயாளியின் வீட்டுக்கு அனுப்ப வேண்டும்.

வீடு மிகவும் முக்கியம். ஈப்போவிலேயே பேராக் நோய்த்தணிப்புப் பராமரிப்புச் சங்கம் இருக்கிறது. அதன் தாதியர் வீடு தேடிப் போய் நோயாளிகளைப் பார்க்கிறார்கள். ஆஸ்பத்திரிக் கட்டிலில் பைஜாமா போட்ட எண்ணாகத் தெரிந்தவர், தன் வீட்டு ஊஞ்சலில் உட்கார்ந்து அதட்டும்போது மனிதராகத் தெரிவார். மாணவியின் மனம் அங்கே திரும்புகிறது.

நம்முடைய மூன்றாண்டு டிப்ளோமா படிப்பில் புற்றுநோய்க்கு இடம் இருக்கிறது. ஆழமான பயிற்சி, வேலைக்கு வந்த பிறகு எடுக்கும் போஸ்ட் பேசிக் படிப்பில் வருகிறது. அந்தப் படிப்பு எல்லோருக்கும் கிடைப்பதில்லை. கிடைத்தவர்கள் பெரிய ஆஸ்பத்திரிகளின் புற்றுநோய்ப் பிரிவுகளுக்குப் போய்விடுகிறார்கள். சுங்கை சிப்புட் கிளினிக்கில் துண்டு போர்த்திய அம்மாவை முதலில் பார்ப்பவள் அடிப்படைப் படிப்பு மட்டும் படித்தவள். அதனால்தான் இந்தப் பயிற்சி அடிப்படைப் படிப்பிலேயே, மதிப்பெண்ணோடு, செய்முறைத் தேர்வோடு இருக்க வேண்டும் என்று சொல்கிறேன். ஊசி போடத் தெரியாதவளைத் தேர்ச்சி பெறவிடுகிறோமா? நோயாளியின் கேள்விக்கு முன் நிற்கத் தெரியாதவளை மட்டும் ஏன் விடுகிறோம்? அரசாங்கமே 2019 முதல் 2030 வரைக்கான தேசிய நோய்த்தணிப்புப் பராமரிப்புக் கொள்கையை வகுத்திருக்கிறது. அந்தக் கொள்கை கல்லூரி வகுப்பறைக்கும் கிளினிக் மேசைக்கும் இறங்கி வர வேண்டும்.

சென்னை அடையாறு புற்றுநோய் மருத்துவமனையைப் பற்றி இங்கே பலருக்குத் தெரியும். டாக்டர் முத்துலட்சுமி ரெட்டி தன் தங்கையைப் புற்றுநோய்க்குப் பறிகொடுத்தது 1923-இல். 12 படுக்கைகளோடு அந்த மருத்துவமனை திறந்தது 1954-இல். முப்பது ஆண்டுக்கு மேல் அந்த அம்மையார் எண்ணத்தைக் கைவிடவில்லை. நாம் கேட்பது அவ்வளவு பெரிய காரியமில்லை.

கல்லூரி முதல்வர்களும் மேட்ரன்களும் இந்த அவையில் இருக்கிறீர்கள். அடுத்த பருவத்திலேயே ஒவ்வொரு மாணவரையும் குறைந்தது ஒரு வாரம் வீட்டுப் பராமரிப்புத் தாதியோடு அனுப்புங்கள். வார்டு சிஸ்டர்களே, மாணவி உங்களைப் பார்த்துத்தான் கற்கிறாள்; அவளைப் பக்கத்தில் நிறுத்திக்கொண்டு ஒரு கடினமான பேச்சையாவது பேசிக் காட்டுங்கள். பெற்றோர்களே, எஸ்.பி.எம். தேர்வு முடித்த பிள்ளை தாதியர் படிப்புக்குப் போகிறேன் என்றால் தடுக்காதீர்கள். மகளை மட்டுமல்ல, மகனையும் அனுப்புங்கள். நம் மொழி பேசும் தாதியர் வார்டில் வேண்டும். தாய்மார்களே, நீங்கள் இந்த வாரமே உங்கள் கிளினிக் மிஸ்ஸியிடம் போய் மார்பையும் வாயையும் கருப்பைவாயையும் சோதிக்கச் சொல்லிக் கேளுங்கள். வீட்டில் வெற்றிலை போடும் பாட்டி இருந்தால் கையோடு அழைத்துப் போங்கள்.